வாசகர் கேள்வி: டெப்லொயிட் ஆசிரியர் ஆகப் போறீங்களா?

போன இதழில் மட்டக்களப்பு மீன் சந்தையைப் பற்றிய பதிலுக்கு நடுவில், நான் கொழும்பில் ஒரு மாலைப் பத்திரிகையின் ஆசிரியபீடத்தில் 19 வருடம் குப்பை கொட்டியவன் என்று சும்மா ஒரு வரி எழுதிவிட்டேன். அவ்வளவுதான், இந்த முறை வந்த கேள்விகளில் முக்கால்வாசி அதைப் பற்றியே. சரி, இந்த இதழ் முழுக்க அதுவே இருக்கட்டும். மீன் விலை கேட்டவர்கள் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

டெப்லொயிட் என்பது பத்திரிகையின் அளவா, குணமா? (கல்முனை வாசகர்)

முதலில் அது ஒரு மாத்திரை. உண்மையாகத்தான். லண்டனில் இருந்த பரோஸ் வெல்கம் என்ற மருந்துக் கம்பனி, அழுத்திச் சிறிதாக்கிய தன் மாத்திரைகளுக்கு 1884இல் வைத்த வியாபாரப் பெயர் அது. அப்புறம் எதையெல்லாம் சுருக்கி விழுங்கத் தருகிறார்களோ அதற்கெல்லாம் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. 1901 ஜனவரி 1ஆம் திகதி, அல்பிரட் ஹார்ம்ஸ்வேர்த் என்ற ஆங்கிலேயப் பத்திரிகை முதலாளி நியூயோர்க் வேர்ல்ட் பத்திரிகையை ஒரேயொரு நாள் பாதி அளவில் போட்டுக் காட்டினார். பெரிய தாளை நடுவில் மடித்தால் வரும் அளவு. பஸ்ஸில் பக்கத்து ஆளின் முகத்தில் முழங்கை இடிக்காமல் வாசிக்கலாம், இதுதான் அதன் முதல் வெற்றி.

அளவை மட்டும் வைத்து ஆளை மதிப்பிட வேண்டாம். லண்டன் டைம்ஸ் 2004இலும் கார்டியன் 2018இலும் இந்த அளவுக்கு இறங்கிவிட்டன, குணம் மாறவில்லை. பெரிய தாளில் அச்சாகும் சில பத்திரிகைகளின் குணத்தைப் பற்றி நான் சொல்லத் தேவையில்லை.

ஏ எல் எழுதிவிட்டு இருக்கிறேன். டெப்லொயிட் பத்திரிகை ஆசிரியராக வர ஆசை. அம்மா "அதெல்லாம் ஒரு பிழைப்பா" என்கிறார். எங்கே தொடங்குவது? (களுவாஞ்சிக்குடி வாசகி)

மகள், முதலில் அம்மாவின் பயத்துக்கு மரியாதை கொடுங்கள். அது காரணமில்லாத பயமில்லை. மட்டக்களப்பில் 2004 மே 31 காலையில் வேலைக்குப் போன பத்திரிகையாளர் ஐயாத்துரை நடேசன் சுடப்பட்டார், அடுத்த வருடம் ஏப்ரலில் நம்ம ஊர்ப் பிள்ளை தராக்கி சிவராமைக் கொழும்பில் கடத்திக் கொன்றார்கள், 2009 ஜனவரி 8இல் சண்டே லீடர் ஆசிரியர் லசந்த விக்கிரமதுங்க வேலைக்குப் போகும் வழியில் கொல்லப்பட்டார். இவர்கள் பரபரப்புக்காரர்கள் இல்லை, பாரமான அரசியல் எழுதியவர்கள். ஆனால் அம்மாவுக்கு எல்லாமே "பேப்பர் வேலை"தானே.

இனி வழி. ஆசிரியர் நாற்காலிக்கு நேராகப் போகும் பஸ் இல்லை. ஊரில் இருந்துகொண்டு பிராந்திய நிருபராகத் தொடங்கலாம், என் காலத்தில் அதற்கு மாதச் சம்பளம் கிடையாது, பிரசுரமான செய்திக்குத்தான் காசு, அதுவும் பஸ் செலவுக்கே போய்விடும். அடுத்த படி உதவி ஆசிரியர். டெப்லொயிட் ஆசிரியர்கள் உண்மையில் உருவாவது அந்த மேசையில்தான். நிருபர் அனுப்பிய 400 சொல்லை 90 சொல்லாக்குவது, அதில் பெயரும் வயதும் ஊரும் தவறாமல் இருப்பது, பக்கத்தில் மூன்று பத்தி (கொலம்) அகலத்துக்குள் அடங்கும் தலைப்பை எழுத்து எண்ணி எழுதுவது. தமிழில் இது கூடுதல் பாடு. ஆங்கிலத்தில் மூன்று எழுத்தில் முடியும் சொல்லுக்கு நமக்கு "நடவடிக்கை", "பேச்சுவார்த்தை" என்று முழு ரயில் வரும். அதனால்தான் நம் பத்திரிகைகளில் "பலி", "கைது", "மீட்பு" மூன்றும் ஓய்வே இல்லாமல் உழைக்கின்றன.

படிக்க விரும்பினால் கொழும்பில் இலங்கை இதழியல் கல்லூரி இருக்கிறது, கிழக்குப் பல்கலைக்கழகத்தின் திருகோணமலை வளாகத்தில் தொடர்பாடல் படிக்கலாம். சிங்களம் படியுங்கள், பொலிஸ் அறிக்கையையும் நீதிமன்ற வாசலையும் அது இல்லாமல் தாண்ட முடியாது. ஹியூ கட்லிப் என்ற வேல்ஸ்காரர் 14 வயதில் பள்ளிக்கூடத்தை விட்டு, 24 வயதில் லண்டனில் சண்டே பிக்டோரியல் பத்திரிகைக்கு ஆசிரியரானார் என்று யாராவது சொல்வார்கள். அது 1937. அவரைக் காட்டி நீங்கள் கம்பஸுக்குப் போகாமல் இருந்துவிடாதீர்கள், அம்மா என்னைத்தான் ஏசுவார்.

இங்கிலாந்தின் சன் பத்திரிகை ஆசிரியர் கெல்வின் மெக்கன்சியை ஒருவர் மேதை என்கிறார், இன்னொருவர் கயவன் என்கிறார். உங்கள் தீர்ப்பு என்ன? (அக்கரைப்பற்று வாசகர்)

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி, கொஞ்சம் நீளும்.

மெக்கன்சி 1981 முதல் 1994 வரை சன் பத்திரிகையின் ஆசிரியர். முதலாளி ரூபேர்ட் மேர்டொக். அந்தக் காலத்தில் அது நாளுக்கு 40 இலட்சம் பிரதி விற்றது. நம் நாட்டுப் பத்திரிகைகள் எல்லாவற்றையும் கூட்டினாலும் அதன் ஓரத்துக்குக் காணாது. ஆளின் கைவேலை தலைப்பு. 1986 மார்ச்சில் பிரெடி ஸ்டார் என்ற நகைச்சுவை நடிகர் யாரோ ஒருவரின் செல்ல ஹாம்ஸ்டரை, அதாவது வீட்டில் வளர்க்கும் எலிக்குஞ்சு மாதிரி ஒரு பிராணியை, பாணுக்குள் வைத்துத் தின்றுவிட்டார் என்று முதல் பக்கம் முழுக்கப் போட்டார். அவர் தின்னவில்லை. அவரே மறுத்தார், பத்திரிகை என்னவோ விற்றது. இதை வாசித்துச் சிரிக்கலாம், எலிக்கும் நடிகருக்கும் பெரிய நட்டமில்லை.

ஆனால் அதே கை 1982 மே மாதம், போக்லாந்து யுத்தத்தில் ஆர்ஜென்டினாவின் ஜெனரல் பெல்கிரானோ போர்க்கப்பலைப் பிரிட்டன் தாக்கியபோது, "மாட்டினியா!" என்று நாம் சொல்லும் தொனியில் ஒரே சொல்லை முதல் பக்கத்தில் போட்டது. செத்தவர்கள் 323 பேர். சாவுக் கணக்கு பெரிதாக இருக்கும் என்று தெரியவந்ததும் பிந்திய பதிப்புகளில் தலைப்பை மாற்றினார்கள், முந்திய பதிப்பு சந்திக்கு வந்துவிட்டது.

1987இல் பாடகர் எல்டன் ஜோன். அவரைப் பற்றி ஒரு பையன் சொன்ன கதைகளைத் தொடராகப் போட்டார்கள், அவர் மறுக்க மறுக்க இன்னும் போட்டார்கள், கடைசியில் அவர் வீட்டுக் காவல் நாய்கள் குரைக்காமல் இருக்கக் குரல்நாண் வெட்டப்பட்டிருக்கிறது என்றும் எழுதினார்கள். நாய்கள் நன்றாகவே குரைத்துக்கொண்டிருந்தன. ஒரு நிருபர் மதிலோரம் பத்து நிமிடம் நின்றிருந்தால் போதும். 1988 டிசம்பரில் 10 இலட்சம் பவுண் நட்டஈடும் முதல் பக்க மன்னிப்பும் கொடுத்து முடித்தார்கள்.

அப்புறம்தான் ஹில்ஸ்பரோ. 1989 ஏப்ரல் 15, ஷெஃபீல்ட் நகர மைதானம், லிவர்பூல் உதைபந்தாட்ட ரசிகர்கள் நெரிசலில் நசுங்கினார்கள். பிறகு இறந்தவர்களையும் சேர்த்து 97 பேர். நான்கு நாள் கழித்து சன் "உண்மை" என்ற ஒரே சொல்லைத் தலைப்பாகப் போட்டது. ரசிகர்கள் பிணங்களின் பைகளில் காசு திருடினார்கள், பொலிசார் மேல் சிறுநீர் கழித்தார்கள் என்று கீழே. பொலிஸ் தரப்பும் ஒரு எம்பியும் சொன்னதாக ஷெஃபீல்டில் இருந்த செய்தி முகவர் நிலையம் அனுப்பிய கதை. மற்றப் பத்திரிகைகளும் அதைத் தொட்டன, ஆனால் "குற்றச்சாட்டு" என்று போட்டன. மெக்கன்சிதான் "உண்மை" என்று போட்டவர். 2012இல் சுயாதீனக் குழு பொலிஸ் வாக்குமூலங்கள் திருத்தப்பட்டதை வெளியே கொண்டுவந்தது, 2016இல் ஜூரிகள் ரசிகர்கள் மேல் தவறில்லை என்றார்கள். லிவர்பூலில் இன்றும் பல கடைகளில் அந்தப் பேப்பர் இல்லை. மெக்கன்சி 2012இல் மன்னிப்புக் கேட்டார், 23 வருடம் கழித்து. 2017இல் லிவர்பூல்காரரான நைஜீரிய வழித்தோன்றல் விளையாட்டு வீரர் ஒருவரைக் கொரில்லாவோடு ஒப்பிட்டு எழுதி, அதே பத்திரிகையில் இருந்த பத்தியையும் இழந்தார். ஹில்ஸ்பரோ நினைவு நாளுக்கு முந்திய நாள் அது வெளியானது. சிலருக்குக் கலண்டர் கூடப் பாடம் சொல்லித்தராது.

மேதையா கயவனா என்று கேட்டீர்கள். நான் மேசைக்காரன், மேசைக்காரனாகவே சொல்கிறேன். நாங்கள் பிடிக்காத செய்தியைத் துருவித் துருவிச் சரிபார்ப்போம். கதை கையில் வந்தவுடன் தலைப்புத் தானாக வாயில் வந்துவிட்டால், அதைச் சரிபார்க்க ஒருவனுக்கும் மனம் வராது, ஏனென்றால் சரிபார்த்தால் தலைப்புப் போய்விடும். மெக்கன்சிக்கு அந்தக் கதைகள் பிடித்துப்போனது, அவ்வளவுதான். டெய்லி மிரர் ஆசிரியர் பியர்ஸ் மோர்கனுக்கும் அதுவே. 2004இல் பிரிட்டிஷ் சிப்பாய்கள் ஈராக்கியக் கைதியை வதைக்கும் படங்கள் என்று போட்டார், படத்தில் இருந்த லொறி வகை ஈராக்குக்கே போனதில்லை என்று இராணுவம் சொன்னது, படங்கள் போலி, மே மாதம் வேலை போனது. யுத்தத்தை எதிர்த்த பத்திரிகை அது, அவர் நம்ப விரும்பிய படம் அது. நல்ல நோக்கம் இருந்தாலும் லொறியைப் பார்க்க வேண்டும்.

தமிழில் இப்படி ஆசிரியர்கள் இருந்ததில்லையா? (ஏறாவூர் வாசகர்)

ஏன் இல்லை. சென்னையில் லட்சுமிகாந்தன் என்று ஒருவர், முதலில் சினிமா தூது, பிறகு இந்து நேசன். நட்சத்திரங்களின் வீட்டுக் கதைகளை எழுதுவார், எழுதாமல் இருக்கவும் காசு வாங்குவார் என்று பேச்சு. 1944 நவம்பர் 8இல் வேப்பேரியில் ரிக்ஷாவில் போனபோது குத்தப்பட்டு மறுநாள் இறந்தார். எம்.கே.தியாகராஜ பாகவதரும் என்.எஸ்.கிருஷ்ணனும் அந்த வழக்கில் 1945இல் தண்டிக்கப்பட்டு 1947இல் விடுதலையானார்கள். பாகவதரின் புகழ் அந்தச் சிறைக்குள்ளேயே தங்கிவிட்டது. யார் குத்தியது என்பது இன்றுவரை தீரவில்லை.

நல்ல பக்கமும் உண்டு. சி.பா.ஆதித்தனார் 1942இல் மதுரையில் தினத்தந்தியைத் தொடங்கி, தேநீர்க் கடையில் ஒருவர் உரக்க வாசித்தால் நாலு பேருக்கு விளங்கும் தமிழில் செய்தி எழுதவைத்தார். அவர் பாரிஸ்டர், ஆனால் பாரிஸ்டர் தமிழில் எழுதவிடவில்லை. இதைப் பரபரப்பு என்று பழிப்பவர்களுக்கு எளிமைக்கும் மலிவுக்கும் வித்தியாசம் தெரியாது.

நம்ம நாட்டில் என் வயதுக்காரர்களுக்கு மித்திரன் தெரியும், 1990களில் இருந்தவர்களுக்குத் தினமுரசு வாரமலர் தெரியும். வீட்டுக்கு வீடு வாங்கினார்கள், வாங்கியதாக ஒருவரும் ஒத்துக்கொள்ளவில்லை. இயக்க வரலாறு ஒரு பக்கம், மர்மக் கதை மறுபக்கம். அது ஈபிடிபி கட்சியின் பத்திரிகை. அதன் ஆசிரியர் அற்புதன் யாழ்ப்பாண மாவட்ட எம்பியாகவும் இருந்தவர், 1999 நவம்பரில் வெள்ளவத்தையில் சுட்டுக் கொல்லப்பட்டார். கட்சிப் பத்திரிகையில் ஒருவர் எவ்வளவு சுதந்திரமாக எழுதலாம் என்ற கேள்வியை அவரைப் பற்றிப் பேசும்போது நான் எப்போதும் நினைப்பதுண்டு.

இந்த வேலைக்குப் பெண்கள் வந்திருக்கிறார்களா? (வாழைச்சேனை வாசகி)

டெய்லி மிரர் 1903இல் தொடங்கியபோது ஆசிரியரே மேரி ஹோவர்த் என்ற பெண்தான், பெண்களுக்காகப் பெண்கள் நடத்தும் பத்திரிகை என்று விளம்பரம். சில மாதங்களில் விற்பனை படுத்தது, பெண்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டுப் படப் பத்திரிகையாக்கினார்கள். 1987இல் நியூஸ் ஒஃப் த வேர்ல்ட் ஆசிரியராக வெண்டி ஹென்றி வந்தார். பிறகு அதே நாற்காலியில் ரெபேக்கா புரூக்ஸ், அங்கிருந்து சன். நியூஸ் ஒஃப் த வேர்ல்டில் அவருக்குப் பிறகு வந்த அண்டி கோல்சன் காலத்தில் போன் ஒட்டுக்கேட்ட கதை வெடித்தது. காணாமற்போய்க் கொலையுண்ட பள்ளி மாணவியின் போனுக்குள்ளும் கை வைத்திருந்தார்கள் என்று 2011இல் தெரியவந்ததும், 168 வருடப் பத்திரிகை ஒரு வாரத்தில் இழுத்து மூடப்பட்டது. 2014இல் புரூக்ஸ் விடுதலை, கோல்சனுக்கு 18 மாதம் சிறை. நம் பக்கம் பெண்கள் ஆசிரியபீடத்தில் இல்லாமல் இல்லை, மகளிர் பக்கத்தையும் சமையல் குறிப்பையும் தலையில் கட்டிவிடுவார்கள். கட்டவிடாதீர்கள்.

எங்கள் பக்கத்து வீட்டுக் குடும்பத்தைப் பற்றி ஒரு பத்திரிகை பிழையாக எழுதிவிட்டது. போன் எடுத்தால் "பார்க்கிறோம்" என்கிறார்கள். என்ன செய்யலாம்? (ஆரையம்பதி வாசகர்)

போனில் பேசாதீர்கள், எழுதுங்கள். திகதி, பக்கம், எந்த வரி பிழை, எது சரி, கையில் என்ன ஆதாரம். ஆசிரியருக்குப் பதிவுத் தபாலில். பதில் வராவிட்டால் இலங்கை பத்திரிகை முறைப்பாட்டு ஆணைக்குழுவுக்கு முறையிடலாம், 2003 முதல் இருக்கிறது, பத்திரிகைத் துறையே அமைத்துக்கொண்டது, வக்கீல் தேவையில்லை. ஆசிரியர்களைச் சிறைக்கு அனுப்பக்கூடிய குற்றவியல் அவதூறுச் சட்டம் 2002இல் எடுத்துப்போடப்பட்டது, ஆனால் நட்டஈடு கேட்டு சிவில் வழக்குப் போட இன்னும் வழியுண்டு. இழுக்கும், செலவும் உண்டு. முதலில் கடிதம்.

நீங்கள் பிழை விட்டதே இல்லையா சேர்? (கல்லடி வாசகர்)

இதைக் கேட்பீர்கள் என்று தெரியும்.

1990களின் கடைசி. ஒரு மத்தியானம் கிழக்கில் இருந்து போனில் செய்தி. வாவியோரக் கிராமம் ஒன்றில் இளம் பெண்ணின் சடலம் நீரில் மிதந்தது. பக்கம் முடிய முக்கால் மணித்தியாலம். சொன்ன நிருபர், "யாரோ பொடியனோட பழக்கம் என்டு கதைக்கிறாங்க" என்று கடைசியாக ஒரு வரி விட்டார். நான் அந்த வரியைத் தூக்கி மேலே வைத்தேன். "காதல் தோல்வியா?" என்று கேள்விக்குறியோடு தலைப்பு. கேள்விக்குறி போட்டால் தப்பிவிடலாம் என்பது எங்கள் தொழிலில் எல்லோருக்கும் இருக்கும் நம்பிக்கை.

பத்து நாள் கழித்துத் தகப்பன் வந்தார். மட்டக்களப்பில் இருந்து கொழும்புக்கு வருவதென்றால் அப்போது ஒவ்வொரு சோதனைச் சாவடியிலும் இறங்கி, வரிசையில் நின்று, அடையாள அட்டையைக் காட்டி, வந்த பிறகு பொலிசிலும் பதிய வேண்டும். அந்த மனிதர் அவ்வளவும் செய்துகொண்டு, பேப்பரை நாலாக மடித்து சேர்ட் பொக்கட்டில் வைத்துக்கொண்டு வந்திருந்தார். சத்தம் போடவில்லை. பேப்பரை விரித்து மேசையில் வைத்து, "தம்பி, இந்தக் கேள்விக்குறிய ஆர் போட்ட?" என்று கேட்டார். மகளுக்குச் சின்ன வயதில் இருந்து வலிப்பு. உடுப்புக் கழுவப் போன இடத்தில் வந்திருக்கிறது. ஆஸ்பத்திரிக் கொப்பியும் கொண்டுவந்திருந்தார். இளைய மகளின் கலியாணப் பேச்சு நின்றுவிட்டது என்பதைக் கடைசியில்தான் சொன்னார், அதுவும் நான் கேட்டதால்.

திருத்தம் போட்டோம். ஏழாம் பக்கத்தில், சவர்க்கார விளம்பரத்துக்குக் கீழே, நாலு வரி. அதே இடத்தில் அதே அளவில் போடச் சொல்லி நான் ஆசிரியரிடம் கேட்டேன் என்று சொல்ல ஆசையாக இருக்கிறது, கேட்கவில்லை, வேலை போய்விடும் என்று பயம். பஸ் நிலையத்துக்குக் கூட்டிக்கொண்டு போனேன். தேநீர் குடித்தோம். காசை அவர் கொடுத்துவிட்டார், நான் பொக்கட்டுக்குள் கையை விடுவதற்குள்.

அதற்குப் பிறகு சாவுச் செய்தி எதுவும் வீட்டாரோடோ, முடியாவிட்டால் கிராம சேவகரோடோ, ஆஸ்பத்திரியோடோ ஒரு முறையாவது பேசாமல் என் மேசையைத் தாண்டவில்லை. இதனால் சில நாள் மற்றப் பத்திரிகையில் வந்த செய்தி எங்களில் இல்லாமல் போய், காலையில் ஏச்சு வாங்கியிருக்கிறேன்.

கொழும்பில் இருந்து எழுதும்போது ஊர் ஒரு பெயர்தான். இங்கே காத்தான்குடியில் சேர்ட் வாங்கப் போனாலும் கோயில் திருவிழாவுக்குப் போனாலும், நீங்கள் எழுதிய ஆளின் மச்சானாவது எதிரில் வருவார். ஊரில் இருந்து இணையத்தளம் நடத்தும் தம்பிமார் "இளம் குடும்பஸ்தர்", "அழகிய யுவதி" என்று அரை மணித்தியாலத்துக்கு ஒன்று ஏற்றும்போது இதைக் கொஞ்சம் நினைக்கலாம்.

ஐயா, நான் எழுதிய செய்திக்குத் தலைப்பு: "காட்டு யானைகளின் அட்டகாசத்தால் மக்கள் பெரும் அவதி". சரியா? (வெல்லாவெளி, உயர்தர மாணவன்)

தம்பி, இந்தத் தலைப்பை நான் 1985இலும் வாசித்தேன். ஊரை மாற்றி, திகதியை மாற்றி எந்த வருடமும் போடலாம், அதுதான் அதன் குறை. உங்கள் செய்தியின் ஆறாவது வரியில் ஒன்று ஒளிந்து கிடக்கிறது, யானை வாசலில் நின்றதால் ஒரு பிள்ளை பரீட்சைக்குப் பிந்திப் போனது என்று. அதை மேலே கொண்டுவாருங்கள். "வாசலில் யானை, வாசலுக்கு உள்ளே பரீட்சைக்காரி" என்று நானென்றால் போடுவேன், நீங்கள் இதைவிட நல்லதாக யோசிப்பீர்கள். ஆனால் அதற்கு முன் அந்தப் பிள்ளையிடம் போய்க் கேளுங்கள், உண்மையில் எத்தனை மணிக்கு மண்டபத்துக்குப் போனாள், உள்ளே விட்டார்களா, பெயர் போடச் சம்மதமா என்று. யானைகள் எத்தனை என்றும் நீங்கள் எழுதவில்லை. "பல" என்பது எண் இல்லை. முறிந்த தென்னைகளையும் எண்ணிவிட்டுத் திரும்ப அனுப்புங்கள், அடுத்த இதழில் பார்ப்போம்.